கபிலர் குன்று

நண்பர் இறந்ததும் தானும் சாகத் துணிந்த ஒரு கவிஞரைத் தெரியுமா? திருக்கோவிலூர் போனால், தென்பெண்ணை ஆற்றுக்குள் ஒரு பாறையும் அதன் உச்சியில் சின்னக் கோயிலும் தெரியும். அதுதான் அந்தக் கவிஞரின் பெயர் சொல்லும் கபிலர் குன்று.

பறம்பு மலைத் தலைவன் பாரியின் உயிர்த்தோழர் கபிலர். மூவேந்தர் பகையில் பாரி மடிந்த பிறகு, கபிலரின் மனம் அந்தச் சாவைவிட்டு நகரவே இல்லை. மூங்கில் நெல், பலாப்பழம், வள்ளிக்கிழங்கு, தேன் என்று பறம்பின் விளைச்சலைக்கூட விடாமல், பாரி இருந்தபோதே பாட்டில் பத்திரப்படுத்தியிருந்தார். மலை கைமாறியது, பாட்டு நிலைத்தது. பாரியின் மகளிரைப் பாதுகாப்பான இடத்தில் சேர்த்துவிட்டு, உண்ணாமல் வடக்கு நோக்கி அமர்ந்து உயிர்விடத் துணிந்தார். உன்னோடு வரவிடாமல் தடுத்துவிட்டாயே என்று இறந்தவனிடமே சண்டை போடுகிறது அவர் பாட்டு ஒன்று. அடுத்த பிறவியிலும் பிரியக் கூடாதாம்! இன்றைய கண்ணுக்கு இது நட்பைத் தாண்டிய பித்து.

அவர் முடிவைப் பற்றி இரண்டு சேதிகள் உண்டு. புறநானூற்றுக் குறிப்பு, வடக்கிருந்தார் என்கிறது. திருக்கோவிலூர் வீரட்டானேசுவரர் கோயிலில் உள்ள ராஜராஜ சோழன் காலத்துக் கல்வெட்டோ, தீயில் புகுந்தார் என்கிறது.