மாகாண சபையின் பணப்பை யார் கையில்?

கடந்த ஆண்டு எமது ஊர் ஒன்றியத்தின் பொதுக்கூட்டத்தில், தேநீர் இடைவேளைக்குச் சற்று முன்னர், வயதான ஐயா ஒருவர் எழுந்து கேட்டார்: "ஊர் ஆஸ்பத்திரிக்குப் பல் கட்டுற கதிரை வாங்கிக் குடுத்து ரெண்டு வருசம். இன்னும் சுத்தின பொலித்தீனே கழட்டேல்லையாம். எங்கட காசு எங்க போனது?" கணக்குப் புத்தகம் எங்கள் மடியில் இருந்ததால் எல்லோரும் எங்கள் பக்கம் திரும்பினார்கள்.

காசு எங்கும் போகவில்லை. பற்றுச்சீட்டு இருக்கிறது, கதிரையும் அங்கே இருக்கிறது. அதில் வேலை செய்யப் பல் வைத்தியர் இல்லை. அந்த வைத்தியசாலையின் அங்கீகரிக்கப்பட்ட ஆளணிப் பட்டியலில் பல் வைத்தியர் என்ற பதவியே இல்லை என்பது, கதிரை போய் இறங்கிய பிறகுதான் எங்களுக்குத் தெரிந்தது. அன்றைக்கு இரண்டு நிமிடத்தில் சொல்ல முடியாமல் போன பதிலை இங்கே கொஞ்சம் விரிவாக எழுதுகிறோம். ஏனென்றால் அந்தக் கதிரையின் கதைதான் வட மாகாண சபையின் கதையும்.

முதலில் ஒரு அடிப்படை விடயம். ஊரில் உள்ள எல்லா அரச நிறுவனமும் ஒரே அரசுக்குச் சொந்தமானவையல்ல. யாழ்ப்பாணம் போதனா வைத்தியசாலை மத்திய சுகாதார அமைச்சின் கீழ் வருகிறது. பிரதேச வைத்தியசாலைகள் மாகாணத்துக்குரியவை. தேசிய பாடசாலைகள் கொழும்புக்கு, மற்றப் பாடசாலைகள் மாகாணத்துக்கு. ஏ, பி தர வீதிகள் வீதி அபிவிருத்தி அதிகார சபையிடம். அதற்குக் கீழே வரும் சி, டி தர வீதிகள் மாகாணத்திடம், குச்சொழுங்கைகள் பிரதேச சபையிடம். புலம்பெயர்ந்த நாங்கள் கொடுக்கும் கட்டடங்களும் கருவிகளும் பெரும்பாலும் போய்ச் சேர்வது மாகாணத்தின் பொறுப்பிலுள்ள இடங்களுக்கே.

கணக்கியலில் மூலதனச் செலவினம், மீண்டெழும் செலவினம் என்று இரண்டு உண்டு. கதிரை வாங்குவது மூலதனச் செலவினம், ஒருமுறையோடு முடிந்துவிடும். வைத்தியரின் சம்பளம், மின்சாரக் கட்டணம், பழுதுபார்ப்பு எல்லாம் மாதாமாதம் மீண்டும் எழுந்து வரும். நாங்கள் முதலாவதைக் கொடுத்துவிட்டுப் படம் பிடித்துக்கொண்டு வந்துவிடுகிறோம். இரண்டாவதை மாகாணம் சுமக்க வேண்டும். ஆனால் மாகாணத்தால் தானாக ஒரு பதவியை உருவாக்க முடியாது. புதிய ஆளணிக்குக் கொழும்பில் திறைசேரியின் முகாமைத்துவ சேவைகள் திணைக்களம் சம்மதிக்க வேண்டும்.

மாகாணத்துக்குப் பணம் எங்கிருந்து வருகிறது? நாங்கள் வாழும் சுவிசில், வரி அறிவித்தலைத் திறந்தால் மத்திய அரசுக்கு இவ்வளவு, கன்ரோனுக்கு இவ்வளவு, ஊராட்சிக்கு இவ்வளவு என்று தனித்தனியாக இருக்கும். இலங்கையில் அப்படி எதிர்பார்க்க முடியாது. 1987இன் 13ஆவது திருத்தம் மாகாணங்களுக்குக் கொடுத்த வரிகளில் பெறுமதியானது மொத்த, சில்லறை வியாபாரத்தின் மீதான புரள்வு வரி. 2011இல் அது நிறுத்தப்பட்டது. அதற்குப் பதிலாக, மத்திய அரசு அறவிடும் தேசத்தைக் கட்டியெழுப்பும் வரியில் மூன்றில் ஒரு பங்கு மாகாணங்களுக்கு என்றார்கள். 2019 டிசம்பரில் அந்த வரியே ஒழிக்கப்பட்டது. முத்திரைத் தீர்வை, வாகனப் பதிவுக் கட்டணத்தில் ஒரு பங்கு என்று மிஞ்சியவை சில்லறைகள்தான். ஆகவே மாகாணம் உயிர் வாழ்வது நிதி ஆணைக்குழுவின் சிபாரிசின் பேரில் திறைசேரி தரும் கொடையில். அதில் பெரும்பகுதி ஆசிரியர்களுக்கும் சுகாதார ஊழியர்களுக்கும் சம்பளமாகவே போய்விடும். மீதியில்தான் அபிவிருத்தி.

இங்கே இன்னொரு நுணுக்கம் இருக்கிறது. ஒதுக்கீடு வேறு, கைக்கு வரும் கட்டுநிதி வேறு. பாதீட்டில் ஒரு தொகை எழுதப்பட்டிருக்கும். திறைசேரி அதைத் துண்டு துண்டாக விடும். வருடக் கடைசியில் வந்து சேரும் பணத்துக்குக் கேள்விப்பத்திரம் கோரி, ஒப்பந்தம் எழுதி, டிசம்பர் 31க்குள் வீதி போட்டு முடிக்க எந்தப் பொறியியலாளராலும் முடியாது. 2013 முதல் 2018 வரை "வந்த பணத்தைத் திருப்பி அனுப்பிய சபை" என்று நாங்கள் அடிக்கடி கேட்ட குற்றச்சாட்டை இந்தக் கண்ணோடும் பார்க்க வேண்டும்.

இனிக் கையெழுத்துக்கு வருவோம். 2013 செப்டெம்பர் 21 அன்று வட மாகாணத்தின் ஐந்து மாவட்டங்களிலும் சனங்கள் வரிசையில் நின்று வாக்களித்தார்கள். 38 ஆசனங்களில் 30 கூட்டமைப்புக்குக் கிடைத்தது. நாங்களும் இங்கே இரவிரவாக முடிவு பார்த்துக்கொண்டிருந்தோம். ஆனால் மாகாண சபைகள் சட்டத்தின்படி நிதி தொடர்பான நியதிச்சட்டம் எதையும் ஆளுநரின் சிபாரிசு இல்லாமல் சபையில் முன்வைக்கவே முடியாது. மாகாண அரச சேவையின் நியமனம், இடமாற்றம், ஒழுக்காற்று அதிகாரமும் ஆளுநரிடமே. ஆளுநரைச் சனங்கள் தெரிவு செய்வதில்லை, ஜனாதிபதி நியமிக்கிறார். முதலமைச்சர் விக்னேஸ்வரன் கேட்ட முதலமைச்சர் நிதியம், அதாவது எங்களைப் போன்றவர்களின் பணத்தை ஒரே இடத்தில் சேர்த்துக் கணக்காய்வுக்கு உட்படுத்திச் செலவிடக்கூடிய நிதியம், அங்கேதான் மாட்டிக்கொண்டது. அது தொடங்கப்படாமலே சபையின் காலம் முடிந்தது. அந்த வாய்க்கால் இல்லாததால் பணம் நூறு ஓட்டைகளால் ஊருக்குள் போனது. ஒவ்வொரு ஒன்றியமும் ஒவ்வொரு பழைய மாணவர் சங்கமும் தனக்குத் தோன்றியதைச் செய்தது. ஒரே பாடசாலைக்கு இரண்டு மண்டபமும், பக்கத்துப் பாடசாலைக்கு ஒழுகும் கூரையும்.

எல்லாப் பழியையும் கொழும்பின் தலையில் போட்டால் நாங்கள் நல்ல கணக்காளர்கள் அல்ல. அந்தச் சபை நூற்றுக்கணக்கான தீர்மானங்களை நிறைவேற்றியது. தீர்மானம் ஒரு குரல், அதற்கு மதிப்பு உண்டு. ஆனால் சட்டமாக நின்று வேலை செய்வது நியதிச்சட்டம்தான், அதில் சபை காட்டிய வேகம் போதாது. 2017இல் அமைச்சர்கள் மீதான விசாரணையும், முதலமைச்சர் மீதான நம்பிக்கையில்லாப் பிரேரணை முயற்சியும், ஆளையாள் இழுத்ததும் மாதக்கணக்கை விழுங்கின. பதவி நீக்கப்பட்ட அமைச்சர் ஒருவர் நீதிமன்றம் போனபோது, அமைச்சரை நீக்கும் அதிகாரம் முதலமைச்சருக்கு உண்டா என்பதே வழக்காகிவிட்டது. சட்டப் புத்தகத்தை முதல் வருடமே ஒழுங்காக வாசித்திருக்கலாம் என்பது எங்கள் அபிப்பிராயம்.

அப்படியென்றால் அந்தச் சபை இல்லாமல் போனதால் என்ன நட்டம் என்று எங்கள் பிள்ளைகளே கேட்கிறார்கள். 2018 ஒக்டோபரில் காலம் முடிந்த சபைக்கு இதை எழுதும் வரை தேர்தல் இல்லை. வடக்குக்கு மட்டுமல்ல, ஒன்பது மாகாணங்களுக்கும் இதே கதி. 2017இல் தேர்தல் முறையை மாற்றினார்கள், அதற்கு எல்லை நிர்ணயம் தேவைப்பட்டது. எல்லை நிர்ணய அறிக்கை 2018 ஓகஸ்டில் நாடாளுமன்றத்தில் வாக்கெடுப்புக்கு வந்தபோது ஆதரவாக ஒரு வாக்குக்கூட விழவில்லை. முன்வைத்த அமைச்சரே எதிராக வாக்களித்தார். பழைய முறை போய்விட்டது, புதிய முறை வரவில்லை.

வெறும் கதிரையின் விலை என்ன என்பதற்கு 2012 ஒரு நல்ல உதாரணம். திவிநெகும சட்டமூலத்துக்கு மாகாண சபைகளின் கருத்துத் தேவைப்பட்டது. வடக்கில் அப்போது சபை இல்லை. சபைக்குப் பதிலாக ஆளுநர் சம்மதம் கொடுத்தார். தெரிவு செய்யப்பட்ட சபையின் இடத்தில் ஆளுநர் நிற்க முடியாது என்று உயர் நீதிமன்றம் சொன்னது, இருந்தாலும் சட்டம் பின்னர் மூன்றில் இரண்டு பெரும்பான்மையோடு நிறைவேறியது. இன்று ஒன்பது மாகாணங்களிலும் பாதீட்டை ஆளுநரும் அதிகாரிகளும்தான் பார்க்கிறார்கள். அவர்களில் நல்லவர்கள் இருக்கலாம். ஆனால் எழுந்து நின்று கேள்வி கேட்க உறுப்பினர் இல்லை.

இரணைமடுவையும் சொல்ல வேண்டும். குளத்து நீரை யாழ்ப்பாணத்துக்குக் குடிக்கக் கொண்டுபோகும் திட்டம் வந்தபோது, தங்கள் சிறுபோகத்துக்கே தண்ணீர் போதாது என்று கிளிநொச்சி விவசாயிகள் எதிர்த்தார்கள். எங்கள் உறவுகள் இரண்டு பக்கமும் இருந்தார்கள். வாதம் சபைக்குள்ளும் சூடாகவே நடந்தது. கடைசியில் தாளையடியில் கடல்நீரைக் குடிநீராக்கும் நிலையம் கட்டப்பட்டு 2024இல் திறக்கப்பட்டது. அது செலவு கூடிய வழி, கணக்காளர் என்ற முறையில் எங்களுக்கு அதில் சந்தேகங்கள் உண்டு. ஆனாலும் வயல்காரனும் கிணறு உவர்த்துப் போனவனும் தங்கள் பிரதிநிதிகள் மூலம் ஒரே சபையில் சண்டை பிடிக்க முடிந்தது. இன்று அப்படியொரு தகராறு வந்தால் எந்த மேசைக்குப் போவது?

கதிரை விடயத்துக்கு வருகிறோம். இனிமேல் எதை வாங்குவதற்கு முன்னரும் மூன்று விபரங்களை எழுத்தில் கேட்பதென்று ஒன்றியம் தீர்மானித்திருக்கிறது: அந்த இடம் யாருக்குச் சொந்தம், அதற்கு ஆளணி இருக்கிறதா, மீண்டெழும் செலவை எந்த வாக்குப்பணத்தில் போடுவார்கள். பல் வைத்தியர் பதவி கேட்டும் ஒரு கடிதம் எழுதினோம். மாகாண சுகாதார அமைச்சருக்கு என்று தொடங்கினோம், அப்படி ஒருவர் இப்போது இல்லை. வெட்டிவிட்டு முதலமைச்சர் என்று எழுதினோம், அவரும் இல்லை. கடைசியில் ஆளுநரின் விலாசத்தைப் போட்டு, பிரதியை மாகாண சுகாதாரப் பணிப்பாளருக்கு அனுப்பினோம். கடிதம் கிடைத்தது என்று ஒரு வரியில் பதில் வந்தது. கோப்பில் வைத்திருக்கிறோம்.