பழம்பாட்டும் புதுத்தாளமும்



ஓர் இசைக்குழுவிலே பாடுபவரின் பெயரை ஊரறியும். பின்வரிசையில் அமர்ந்து தாளம் தருபவரை விசாரிப்போர் சிலரே. அத்தகைய ஒருவரின் தொழில் வாழ்வைப் பற்றியே இன்று கூற விரும்புகின்றேன். அவர் இங்கிலாந்தைச் சேர்ந்த டேவ் மெட்டக்ஸ்.

1967ஆம் ஆண்டு லண்டனில் 'பெயார்போர்ட் கொன்வென்ஷன்' என்னும் குழு தோன்றிற்று. 1969 மே 12ஆம் நாள், பேர்மிங்ஹாமில் நிகழ்ச்சி முடிந்து திரும்புகையில் அவர்களின் வாகனம் நெடுஞ்சாலையில் விபத்துக்குள்ளாயிற்று. ட்ரம் வாசித்துவந்த மார்ட்டின் லாம்பிள் உயிர்நீத்தார். அவருக்கு வயது 19. உடன் சென்ற பெண்ணொருவரும் மாண்டார். குழுவைக் கலைத்துவிடுவதா என எஞ்சியோர் கலங்கினர். தொடர்வதென்றே முடிவு செய்தனர். ஆயினும் லாம்பிளோடு வாசித்த பாடல்களை மீண்டும் வாசிக்க அவர்களுக்கு மனம் ஒப்பவில்லை. எனவே ஆங்கில, ஸ்கொத்லாந்துப் பழங்கதைப் பாடல்களை மின்கருவிகளோடு பாட முற்பட்டனர்.

வெறுமையாய் இருந்த அந்த ஆசனத்துக்கு வந்தவரே மெட்டக்ஸ். 1948இல் பிறந்தவர், பியானோவுக்குச் சுருதி கூட்டும் தொழிலைப் பயின்றவர், நடனக் குழுக்களில் வாசித்துப் பழகியவர். நாட்டார் இசையோ அவருக்குப் புதிது.

அவர் முன்னிருந்த சிக்கல் யாது? அப்பாடல்கள் பெரும்பாலும் தனிக்குரலிலே, துணைத்தாளமின்றிப் பாடப்பட்டு வந்தவை. கதையின் போக்குக்கேற்பப் பாடுவோர் ஓரிடத்தில் நீட்டுவர், ஓரிடத்தில் விரைவர். றொக் இசையின் உரத்த அடியை அவற்றின்மீது ஏற்றினால் சொல் நசுங்கும், கதை மறையும். நடன மெட்டுகளில் வேறொரு தொல்லை உண்டு. 'ஜிக்' என்பது மும்மூன்றாய் நடப்பது. நம் சொற்கட்டிலே 'தகிட தகிட' எனலாம். 'றீல்' என்பது 'தகதிமி' என நந்நான்காய் ஓடுவது. பிடில் விரைந்து ஓடுகையில் ட்ரமும் அடிக்கு அடி விரைந்தால் இரைச்சலே மிஞ்சும்.

மெட்டக்ஸ் கண்ட வழி, குறைவாக அடித்தல். ஆழ்ந்த சில அடிகளை உரிய இடத்தில் வைத்து, இடைவெளியைப் பாட்டுக்கு விட்டார். 1969 டிசெம்பரில் வெளிவந்த 'லீஜ் அண்ட் லீஃப்' இசைத்தட்டிலே இதனைக் கேட்கலாம். 2006இல் பி.பி.சி. வானொலி நேயர்கள், நாட்டார் இசையில் மிகுந்த செல்வாக்குப் பெற்ற இசைத்தட்டாக இதனையே தெரிந்தெடுத்தனர்.

பின்னர் அவர் குழுவை விட்டு நீங்குவதும் மீள்வதுமாக இருந்தார். நிக் டிரேக், றிச்சர்ட் தொம்சன் ஆகியோரின் பாடல்களுக்கும், பொப் உலகிலே போல் மக்கார்ட்னி, எல்டன் ஜோன் ஆகியோருக்கும் வாசித்தார். எக்ஸ்.ரி.சி. குழுவின் 1992ஆம் ஆண்டுத் தட்டிலும் அவர் கைவண்ணம் உண்டு. பழம்பாடலிடம் கற்ற அடக்கம் பொப் பாடலுக்கும் உதவிற்று. பாடுவோரை மறைக்காத தாளத்தை எக்குழுதான் வேண்டாமென்னும்?

அந்த இசைத்தட்டிலே 'மற்றி குரோவ்ஸ்' என்னும் பாடல் உண்டு. கதை முடிந்தபின் வாத்தியங்கள் மட்டும் நெடுநேரம் தொடரும். கேட்க வாய்த்தால், மெட்டக்ஸ் எங்கே அடிக்கின்றார், எங்கே கை நிறுத்துகின்றார் என்று செவிமடுத்துப் பாருங்கள். சில மாதங்களுக்கு முன் ஓய்ந்துபோயிருக்கக்கூடிய குழு அது என்பதையும் நினைவிற் கொள்ளுங்கள்.