சிறையில் தள்ளியவர் பெயரிலேயே பரிசு வாங்கிய கவிஞரைத் தெரியுமா?

ஓர் அரசு 22 வயது இளைஞரைப் பிடித்துச் சிறையில் போடுகிறது. உள்ளே அவர் ஒளித்து ஒளித்துக் கவிதை எழுதுகிறார். விடுதலையானதும் அது புத்தகமாகிறது. நாட்டின் பெரிய இலக்கியப் பரிசும் அதற்கே கிடைக்கிறது. பரிசின் பெயர் என்ன தெரியுமா? அவரைச் சிறைவைத்த அதிபரின் பெயரேதான்: ஜோமோ கென்யாட்டா பரிசு! 1974-ல் கென்யாவில் நிஜமாகவே நடந்தது இது. சிறுகதையாக எழுதி அனுப்பியிருந்தால், 'நம்புகிற மாதிரி இல்லை' என்று திரும்பி வந்திருக்கும்.

அந்தக் கவிஞர் அப்திலத்திஃப் அப்தல்லா. 1946-ல் மொம்பாசாவில் பிறந்த சுவாஹிலிக் கவிஞர். அவர் செய்த குற்றம்? 'கென்யா எங்கே போகிறது?' என்று கேட்டு ஒரு துண்டுப் பிரசுரம் எழுதியதுதான். சுதந்திரம் வாங்கி ஐந்தே வருடம் ஆன நாட்டில், அந்தக் கேள்விக்கு ராஜதுரோக வழக்கு, மூன்றாண்டு சிறை! அதில் பெரும்பகுதி தனிமைச் சிறை.

எழுதக் காகிதம்? கழிப்பறைத் தாள்! அதில் எழுதி ரகசியமாக வெளியே போன கவிதைகள்தான் 1973-ல் 'சௌட்டி யா திக்கி' (துயரின் குரல்) என்ற தொகுப்பாயின. சில வருடம் கழித்து, அவர் இருந்த அதே காமிட்டி என்ற சிறையில், அதே மாதிரித் தாளில் ஒரு நாவல் எழுதினார் இன்னொருவர். கூகி வா தியாங்கோ! அவரை உலகமே அறியும். முன்னால் எழுதியவரை எத்தனை பேருக்குத் தெரியும்?

இன்னொன்று கேளுங்கள். ஆதாம் ஏவாள் கதையை அவர் நெடுங்கவிதையாக எழுதிய நூல் 1971-ல் அச்சாகி வந்தது. கவிஞர் அப்போது கம்பிக்கு உள்ளே!

சிறைக் கவிதை என்றதும் இலக்கணத்தை உதறிவிட்டுக் கொட்டித் தீர்த்த ஆவேசம் என்று நினைத்துவிடாதீர்கள். சுவாஹிலி மரபில் 'ஷாயிரி' என்ற பாவடிவம் உண்டு. கண்ணிக்கு நான்கு வரிகள், வரிக்கு 16 அசை, சரிபாதியில் ஒரு நிறுத்தம், நடுவிலும் இயைபு, கடைசியிலும் இயைபு. தனிமைச் சிறையில் உட்கார்ந்துகொண்டு இந்தக் கணக்குப் பிசகாமல், அதுவும் மொம்பாசாவின் வட்டார மொழியில் பாடியிருக்கிறார் மனிதர்! அவர் வளர்ந்த வீடு அப்படி. வளர்த்த தாத்தா முறை உறவினர் ஒரு கவிஞர். அண்ணன் அகமது நாசிர் ஜுமா பாலோவும் பேர்பெற்ற கவிஞர்.

தொகுப்பில் ஒரு தென்னை மரம் வருகிறது. மரம் யாருக்குச் சொந்தம் என்று அண்ணன் தம்பி இருவர் செய்யுளிலேயே மல்லுக்கட்டுகிறார்கள்! ஒருவர் பாட மற்றவர் பதில் பாடுவது அந்தக் கடற்கரையின் பழைய வழக்கம். மேலுக்குப் பங்காளிச் சண்டை. உள்ளே, நாட்டின் செல்வம் யாருக்கு என்ற கேள்வி. முதலையைப் பற்றி ஒரு கவிதை, சீழ்க்கட்டியைப் பற்றி ஒன்று. முதலை யார் என்று கென்யர்களுக்கு யாரும் விளக்க வேண்டியிருக்கவில்லை. எனக்குப் பிடித்தது தென்னைதான். நியாயம் பேசுகிற இருவரில் யாரையும் அது எளிதில் தள்ளிவிட விடுவதில்லை.

1972-ல் வெளியே வந்தவர் கென்யாவில் தங்கவில்லை. தார் எஸ் சலாம் பல்கலைக்கழகத்தில் சுவாஹிலி ஆய்வு, லண்டனில் பிபிசி சுவாஹிலி சேவை, பிறகு ஜெர்மனியின் லைப்சிக் பல்கலைக்கழகத்தில் ஆசிரியர் வேலை. இதற்கிடையே கானா நாவலாசிரியர் அயி க்வெய் அர்மாவின் நாவல் ஒன்றையும் சுவாஹிலிக்குக் கொண்டுவந்தார்.

ஆப்பிரிக்க இலக்கியம் என்றாலே ஆங்கிலத்தில் எழுதியவர்களின் வீட்டுக் கதவையே தட்டுகிற நம் மொழிபெயர்ப்பாளர்களே, அடுத்த முறை கொஞ்சம் மொம்பாசா பக்கமும் போய் வாருங்கள். முதலில் அந்தத் தென்னை மரத்தைக் கொண்டுவந்து கொடுங்கள்!