மூழ்குவோரின் முகவலியும் தாடை மூட்டுக் கோளாறும்

மூழ்குவோரின் முகவலி என்பது கடலில் மூழ்கித் தொழில் செய்வோருக்குக் காது, கன்னம், நெற்றி, பல், தாடை ஆகிய இடங்களில் தோன்றும் வலிகளைக் குறிக்கும் பொதுப்பெயர் ஆகும். இதன் காரணங்களுள் ஒன்று தாடை மூட்டுக் கோளாறு. நடுக்காதிலும், முக எலும்புகளுக்குள் உள்ள காற்றறைகளிலும், பற்களிலும் அழுத்த மாற்றத்தால் ஏற்படும் காயங்கள் பிற காரணங்கள். இவை யாவும் ஏறத்தாழ ஒரே இடத்தில் வலிப்பதால் ஒன்று மற்றொன்றாகப் பிழைபட அறியப்படுவதுண்டு. தாடை மூட்டு வலியைக் காதுவலி எனக் கொண்டு சொட்டு மருந்து விடுவதும், காற்றறை வலியைப் பல்வலி எனக் கொண்டு நல்ல பல்லைப் பிடுங்குவதும் இப்பிழையின் விளைவுகளாகும்.

கடற்கரையும் தொழிலும்

இராமநாதபுரம் மாவட்டக் கடற்கரையில் கீழக்கரை, பெரியபட்டினம், மண்டபம், பாம்பன், இராமேசுவரம் முதலிய ஊர்களை ஒட்டிய மன்னார் வளைகுடாப் பகுதி நெடுங்காலமாக மூழ்குதொழில் நடைபெறும் இடமாகும். முத்துக்குளித்தலும் சங்குகுளித்தலும் இங்குப் பழந்தொழில்கள். சேம்சு கார்னெல் 1914-இல் வெளியிட்ட இந்தியச் சங்கு பற்றிய நூலில் இப்பகுதிச் சங்குகுளிப்பும் இடம்பெற்றுள்ளது. தமிழகக் கரையில் அரசு நடத்திய முத்துக்குளிப்பு 1961-உடன் நின்றுபோனது. சங்குகுளிப்பு தொடர்கிறது.

இன்று இக்கரையில் கடலில் இறங்குவோருள் பாசி எடுக்கும் பெண்கள் குறிப்பிடத்தக்கவர்கள். மரிக்கொழுந்துப் பாசி, கஞ்சிப்பாசி, கட்டக்கோரை முதலியவற்றைத் தீவுகளைச் சுற்றியுள்ள பாறைத்தரைகளிலிருந்து இவர்கள் மூச்சடக்கிப் பறிக்கின்றனர். கண்ணாடி ஒன்று, விரல்களில் சுற்றிய துணி, இடுப்பில் பை ஆகியவையே கருவிகள். பாம்பனை அடுத்த சின்னப்பாலத்தைச் சேர்ந்த இலட்சுமி மூர்த்தி என்பவருக்கு 2015-இல் சீகாலசி என்னும் பன்னாட்டு அமைப்பின் விருது வழங்கப்பட்ட பின்னரே இத்தொழில் வெளியுலகில் ஓரளவு அறியப்பட்டது. தூத்துக்குடிப் பக்கம் சங்குகுளிப்போர் சிலர் படகில் உள்ள காற்றழுத்தியிலிருந்து வரும் குழாயை வாயில் கவ்விக்கொண்டு மூழ்குவதும் உண்டு. மூச்சடக்கி மூழ்குவதும் குழாய் கவ்வி மூழ்குவதும் முகத்தில் வெவ்வேறு வகையில் வலியை உண்டாக்குகின்றன.

அழுத்தம் செய்யும் வேலை

கடல்மட்டத்தில் நம் உடல்மீது ஒரு வளிமண்டல அழுத்தம் உள்ளது. நீரில் ஒவ்வொரு 10 மீட்டர் ஆழத்துக்கும் மேலும் ஒரு வளிமண்டல அழுத்தம் கூடுகிறது. அழுத்தம் கூடக் கூட அடைபட்ட காற்றின் பருமன் குறையும் (பாயிலின் விதி). 10 மீட்டரில் அது பாதியாகிவிடும். ஆனால் 20 மீட்டரில் மூன்றில் ஒரு பங்காகவே ஆகும். அதாவது முதல் சில மீட்டர்களிலேயே பருமன் மாற்றம் மிகுதி. 3 மீட்டர் ஆழத்திலேயே அடைபட்ட காற்று ஏறத்தாழ நான்கில் ஒரு பங்கு சுருங்கிவிடுகிறது. ஆழமில்லாத இடத்தில் பாசி எடுப்பவருக்குக் காதுவலி வருமா என்று ஐயுறுவோர் இக்கணக்கைக் கருதுதல் வேண்டும். அவர் ஒரே நாளில் பலமுறை மூழ்கி எழுகிறார் என்பதையும் இதனோடு சேர்த்துக்கொள்ள வேண்டும்.

நடுக்காது ஒரு காற்றறை. தொண்டையின் மேற்புறத்திலிருந்து செல்லும் மெல்லிய குழல் ஒன்றே அதற்கு வாயில். சளி பிடித்திருக்கும்போது இக்குழல் வீங்கி அடைபடும். அந்நிலையில் மூழ்கினால் செவிப்பறை உள்நோக்கி இழுக்கப்பட்டு வலிக்கும். மேலும் இறங்கினால் கிழியவும் கூடும். கன்ன எலும்பிலும் நெற்றியிலும் உள்ள காற்றறைகளும் இவ்வாறே. கன்னக் காற்றறையின் தரைக்கு மிக அருகில் மேல் கடைவாய்ப் பற்களின் வேர்கள் அமைந்திருப்பதால் காற்றறை வலி பல்வலியாகவே தோன்றும்.

கண்களை மட்டும் மூடும் கண்ணாடியில் இன்னொரு இடர் உள்ளது. அதற்குள் உள்ள காற்றும் சுருங்குகிறது. மூக்கையும் சேர்த்து மூடும் முகமூடியானால் மூக்கு வழியே சிறிது காற்றை ஊதி ஈடுசெய்யலாம். கண்ணாடியில் அதற்கு வழியில்லை. ஆகவே கண்ணைச் சுற்றி வலியும், வெள்ளைவிழியில் இரத்தச் சிவப்பும் ஏற்படலாம். பார்க்க அச்சம் தரும் இச்சிவப்பு பெரும்பாலும் இரண்டு மூன்று வாரங்களில் தானாக மறையும். பார்வை மங்கினால் மட்டும் காத்திருத்தல் கூடாது.

தாடை மூட்டு

கீழ்த்தாடை எலும்பின் இரு முனைகளும் மண்டையோட்டுடன் சேரும் இடமே தாடை மூட்டு ஆகும். காதுத் துளைக்குச் சற்று முன்னே விரலை வைத்து வாயைத் திறந்து மூடினால் இதன் அசைவை உணரலாம். இரு எலும்புகளுக்கும் இடையே குருத்துப் போன்ற வட்டு ஒன்று உள்ளது. வாய் திறக்கும்போது தாடைமுனை முதலில் சுழன்று, பின்னர் வட்டுடன் முன்னோக்கி வழுக்குகிறது. வட்டு இடம் மாறினால் 'கிளிக்' என்னும் ஒலி கேட்கும். ஒலி மட்டும் இருந்து வலி இல்லையெனில் மருத்துவம் தேவையில்லை. இதனை அறியாமல் ஒலிக்காகவே மருத்துவம் தேடி அலைவோர் பலர்.

மூட்டுக்கும் காதுக்கும் இடையே மெல்லிய எலும்புச் சுவரே உள்ளது. இரண்டுக்கும் உணர்ச்சி அளிப்பதில் முக்கிளை நரம்பின் ஒரே கிளைக்குப் பங்குண்டு. மூட்டு வலி காதுவலியாகத் தோன்றுவது இதனாலேயே.

தாடை மூட்டுக் கோளாறுகளில் பெரும்பாலானவை எலும்புக் கேடு அல்ல. மெல்லும் தசைகளின் களைப்பும் இறுக்கமுமே ஆகும். குழாயையோ மூச்சுக்கருவியின் கடிவாயையோ கவ்வுபவர் கீழ்த்தாடையைச் சற்று முன்தள்ளி, முன்பற்களால் நெடுநேரம் பற்றிக்கொள்கிறார். கடைவாய்ப் பற்களுக்குத் தாங்கல் இல்லாததால் சுமை முழுவதும் தசைகள் மீதும் மூட்டின் மீதும் விழுகிறது. மூச்சடக்கி மூழ்குவோரில் இக்கவ்வல் இல்லை. ஆனால் மூச்சை அடக்கும்போது பல்லை இறுகக் கடிக்கும் பழக்கம் உள்ளவர்களுக்கும், காதடைப்பை நீக்கத் தாடையை ஓயாது முன்பின் அசைப்பவர்களுக்கும் இதே வலி வரலாம்.

வலி வரும் நேரம்

எங்கே வலிக்கிறது என்பதைவிட எப்போது வலிக்கிறது என்பதே காரணத்தைக் காட்டித்தரும். கீழே இறங்கும்போது தொடங்கி ஆழத்துடன் கூடும் வலி பெரும்பாலும் காது அல்லது காற்றறை அடைப்பால் வருவது. மேலே வரும்போது குத்தும் பல்வலி, சொத்தைக்கோ பழுதான அடைப்புக்கோ அடியில் சிக்கிய காற்று விரிவதால் வரலாம். கரை சேர்ந்து சில மணி நேரம் கழித்தோ, மறுநாள் காலையிலோ, மெல்லும்போதும் கொட்டாவி விடும்போதும் வருவது தாடைத் தசை வலி. காதின் வெளிமடலை இழுத்தால் வலி கூடுமாயின் அது பெரும்பாலும் ஈரத்தால் காதுத் துளையில் உண்டான புண். நோயாளி தம் தொழிலைச் சொல்லாமல் 'காது வலிக்கிறது' என்று மட்டும் கூறினால் மருத்துவருக்கு இவ்வேறுபாடு கிட்டாது. பாசி எடுக்கிறேன், சங்கு குளிக்கிறேன் என்று முதலிலேயே கூறுதல் நன்று.

கடலோடு தொடர்பில்லாத காரணங்கள்

மூழ்குவோருக்கும் பிறரைப் போலவே பிற நோய்கள் வரும். வாய் சிறிது சிறிதாகத் திறக்க இயலாமல் போனால் பாக்கு மெல்லுதலை முதலில் ஐயுற வேண்டும். பாக்கினால் கன்னத்தின் உட்புறம் வெளிறி நார் போல் இறுகும் நோய், வாய்ப் புற்றுநோயாக மாறக்கூடியது. தாடை மூட்டு நோய் என்று எண்ணிப் பயிற்சி மட்டும் செய்துகொண்டிருந்தால் காலம் வீணாகும். தம் விரல்களில் மூன்றை நிமிர்த்தி வாய்க்குள் செலுத்த இயலுமா என்று பார்ப்பது எளிய சோதனை. புகையிலை கலவாத பாக்கும் புற்றுநோய் உண்டாக்கும் என உலக நலவாழ்வு அமைப்பின் புற்றுநோய் ஆய்வு முகமை வகைப்படுத்தியுள்ளது.

முகத்தில் காற்றுப் பட்டாலோ, முகம் கழுவினாலோ மின்னல் போல் சில நொடிகள் வெட்டி மறையும் வலி முக்கிளை நரம்புவலி எனப்படும். தனுசுக்கோடிக் காற்றில் இத்தகையவர் படும் பாடு பெரிது. இதற்குச் சாதாரண வலிமாத்திரை பயன் தராது. கார்பமசெப்பின் என்னும் மருந்து, மருத்துவர் கண்காணிப்பில், நல்ல பலன் தரும்.

மருத்துவம்

காது, காற்றறை அடைப்புக்கு முதல் மருத்துவம் மூழ்காதிருத்தலே. சளி நீங்கும்வரை கடலில் இறங்குதல் கூடாது. செவிப்பறை கிழிந்திருந்தால் அது மூடும்வரை காதில் நீர் புகக்கூடாது, எண்ணெயும் விடலாகாது. நாட்கூலி போல் வாழ்வோரிடம் பல வாரம் ஓய்வெடு என்பது எளிதன்று. ஆயினும் கிழிந்த செவிப்பறையுடன் மூழ்கினால் நடுக்காதில் நீர் புகுந்து தலைசுற்றும். நீருக்கடியில் தலைசுற்றினால் மேல் எது கீழ் எது என்றே தெரியாது. இதுவே உண்மையான உயிரிடர்.

தாடைத் தசை வலிக்கு மென்மையான உணவு, வெந்நீர் ஒத்தடம், பல்லோடு பல் படாமல் தாடையைத் தளர்வாக வைத்தல், மெதுவாக வாயைத் திறந்து மூடும் பயிற்சி, தேவைப்படின் சில நாட்களுக்கு வலிமாத்திரை ஆகியவை போதுமானவை. 2023-இல் பிரித்தானிய மருத்துவ ஆய்விதழில் வெளியான பன்னாட்டு வழிகாட்டுதல், நாட்பட்ட தாடை மூட்டு வலிக்குத் தாடைப் பயிற்சி, கைவழித் தசை மருத்துவம், நடத்தைசார் உளமருத்துவம் ஆகியவற்றை வலியுறுத்தியது. கடிமட்டத்தை நிலையாக மாற்றும் தகடுகளையும், வட்டை அகற்றும் அறுவையையும் அது வன்மையாக மறுத்தது. திரும்பப் பெற இயலாத எதையும் முதலில் செய்யலாகாது என்பதற்கு முன்பட்ட அடியும் உண்டு. ஐக்கிய அமெரிக்காவில் 1980-களில் தாடை மூட்டு வட்டுக்கு மாற்றாகப் பொருத்தப்பட்ட தெஃப்லான் வகைச் செயற்கைத் தகடுகள் சிதைந்து எலும்பையே அரித்தன. பின்னர் அவை திரும்பப் பெறப்பட்டன.

கொட்டாவியின்போது வாய் திறந்தபடி மாட்டிக்கொண்டால் அது மூட்டு நழுவல். பயிற்சி பெற்றவர் கட்டைவிரல்களைக் கீழ்க் கடைவாய்ப் பக்கம் வைத்துக் கீழ்நோக்கி அழுத்திப் பின்தள்ளுவார். பண்டைக் கிரேக்க மருத்துவர் இப்போக்கிரட்டீசு காலம் முதல் முறை இதுவே. பிறர் முயன்றால் மூட்டும் கெடும், விரலும் கடிபடும்.

உடனே மருத்துவமனை செல்ல வேண்டியவை

நடக்கும்போதோ சுமை தூக்கும்போதோ நெஞ்சு இறுக்கத்துடன் தாடையில் பரவும் வலி மாரடைப்பாக இருக்கலாம். சங்கு, சிப்பி, பாறை கிழித்த காயத்துக்குச் சில நாட்களுக்குப் பின் வாய் பூட்டிக்கொண்டால் அது நரம்பிசிவு நோயாக (டெட்டனசு) இருக்கலாம். தடுப்பூசி இதனைத் தடுக்கும். 50 வயதைக் கடந்தவருக்கு மெல்லும்போது தாடை வலியும் புதிய தலைவலியும் சேர்ந்து வந்தால் பார்வை பறிபோகும் தமனி அழற்சியா எனச் சோதிக்க வேண்டும். குழாய்க் காற்றில் மூழ்கி எழுந்தவருக்கு முகம் மரத்தல், மூட்டுகளில் வலி, கால் சோர்வு தோன்றினால் அது இரத்தத்தில் காற்றுக்குமிழ் உண்டானதன் அறிகுறியாகலாம். அவரைப் படுக்க வைத்து உயிர்வளி கொடுத்தபடி கொண்டுசெல்ல வேண்டும். வலி போகுமென்று மீண்டும் கடலில் இறக்குதல் கூடாது. இராமநாதபுரத்தில் அரசு மருத்துவக் கல்லூரி 2022 சனவரியில் திறக்கப்பட்டது. இராமேசுவரத்திலிருந்து மதுரை ஏறத்தாழ 170 கி.மீ. தொலைவு.