சாந்தியாகோ: ஒரு பெயரின் பொருளும் மரபும்

ஸ்பானிய மொழி வழங்கும் நாடுகளில் ஆண்மக்களுக்கு இடப்பெறும் பழைமையான பெயர்களுள் சாந்தியாகோ என்பது ஒன்று. ஸ்பெயினின் வடமேற்கு மூலையிலுள்ள திருத்தல நகரும், சிலி நாட்டின் தலைநகரும், கூபாவின் இரண்டாம் பெருநகரும் இப்பெயரையே தாங்கி நிற்கின்றன. குழந்தைகளுக்குப் பெயர் தேடுவோர்க்கென வெளியிடப்பெறும் பட்டியல்களைப் புரட்டினால், இதற்கு நேராக 'பிறனை வஞ்சித்து அவனிடத்தைக் கவர்பவன்' என்று பொருள் எழுதியிருக்கக் காணலாம். தன் மகனுக்கு இப்பெயரைச் சூட்டும் தாய் எவளும் அப்பொருளை எண்ணிச் சூட்டுவதில்லை. ஒரு சொல்லின் வேர்ப்பொருளையே அச்சொல்லின் பொருளாகக் கொண்டுவிடும் வழக்கத்தை, ஜேம்ஸ் பார் என்னும் திருமறை அறிஞர் 1961இல் வெளியிட்ட நூலில் வன்மையாகக் கண்டித்தார். ஜேம்ஸ் என்பதும் நாம் ஆராயப் புகும் பெயரின் ஆங்கில வடிவமே என்பது சுவையான செய்தி. அவருடைய எச்சரிக்கை பெயர்களுக்கு இன்னும் மிகுதியாகப் பொருந்தும். ஒரு பெயரைச் சொல்லி மக்கள் எதைச் செய்தார்கள் என்பதும் அப்பெயரின் பொருளில் அடங்கும். வாளுக்கு இரையான ஓர் யூதரின் பெயர், வாள் ஏந்தியோரின் முழக்கமாக மாறியது எவ்வாறு என்பதே இக்கட்டுரையின் கேள்வி.

முதலில் வேரைக் காண்போம். எபிரெயத்தில் இப்பெயர் யஅக்கோப். ஆதியாகமம் இதற்கு இரண்டு விளக்கங்களைத் தருகிறது. 25:26, பிறக்கும்போதே தமையனைப் பற்றியிருந்த கையை நினைவூட்டுகிறது. 'ஆக்கேப்' என்பது குதிங்காலைக் குறிக்கும். 27:36இல் ஏசாவின் கசப்பு அதே ஒலியை வஞ்சகத்தோடு பிணைக்கிறது. இவை இரண்டும் கதைக்குள் பிறந்த சொல்லாடல்கள். இப்பெயரின் முழுவடிவம் 'இறைவன் காப்பாராக' என்னும் வாழ்த்தாக இருந்திருக்க வேண்டும் என்பது அறிஞர் பலரின் கருத்து. இதே வேரோடு இறைவனின் பெயர் சேர்ந்த ஆட்பெயர்கள் பண்டைய அமோரியரிடையே வழங்கியமைக்குச் சான்றுகள் உள்ளன. திருமறையாசிரியரோ வாழ்த்தை விடுத்துக் குதிங்காலைப் பற்றிக்கொண்டார். இஸ்ரவேல் தன் முற்பிதாவின் பெயரைச் சொல்லும்போதெல்லாம் அவருடைய குற்றத்தையும் உடன் நினைத்தது. இத்தகைய நேர்மை பிற்காலத்தில் இப்பெயரைத் தாங்கிய பேரரசுக்கு வாய்க்கவில்லை.

கிரேக்கத்தில் பெயர் இரண்டாகப் பிரிந்தது. புதிய ஏற்பாடு முற்பிதாவை யாக்கோப் என்று எபிரெய ஒலி மாறாமல் எழுதுகிறது. இயேசு பெருமானின் சீடர்களைக் குறிக்கும்போது கிரேக்க விகுதி சேர்த்து யாக்கோபோஸ் என்கிறது. இலத்தீனில் அது யாக்கோபுஸ் ஆயிற்று. பேச்சுவழக்கில் யாக்கோமுஸ் என்று திரிந்த வடிவத்திலிருந்து ஸ்பானிய ஹைமேயும் ஆங்கில ஜேம்ஸும் பிறந்தன. மற்றொரு கிளையில் யாக்கோபுஸ் தேய்ந்து பழைய ஸ்பானியத்தில் யாகோ என நின்றது. 'தூய' என்னும் பொருளுடைய 'சாந்த்' என்ற அடைமொழி அதன் முன் வந்து, நாளடைவில் பெயரோடு ஒன்றாய் ஒட்டிக்கொண்டது. பேதுருவின் பெயரைப் பெறும் ஸ்பானியச் சிறுவன் வெறும் பேத்ரோதான். யாக்கோபின் பெயரைப் பெறும் சிறுவனோ தொட்டிலிலேயே தூயவனாகிவிடுகிறான். பின்னர் இக்கூட்டுச்சொல்லைத் தவறான இடத்தில் பிரித்தமையால் தியாகோ என்னும் பெயரும் தோன்றிற்று. தியேகோ என்பதும் அவ்வாறே பிறந்தது எனப் பலர் கூறுவர். ஆயினும் இடைக்கால இலத்தீன் ஆவணங்கள் அதனைத் திதாக்குஸ் என்று எழுதுவதால், அது வேறு வேரினது என்று கருதுவோரும் உளர். மக்கள் வழக்கில் இரண்டும் ஒரே பெயராகவே எண்ணப்பட்டன. இச்செய்தி பின்னால் வேண்டப்படும்.

ஒட்டிய அடைமொழி ஒரு மறைப்பையும் உண்டாக்கியது. சாந்தியாகோ என்று கேட்கும் ஸ்பானியச் செவிக்கு யாக்கோபு கேட்பதில்லை. காசியோதோரோ தெ ரெய்னா 1569இல் வெளியிட்டு, சிப்ரியானோ தெ வலேரா 1602இல் திருத்திய சீர்திருத்தச் சபையாரின் திருமறை, 1960ஆம் ஆண்டுத் திருத்தத்தில் மிகப் பரவலாக வழங்குகிறது. அதில் முற்பிதா ஹக்கோப். சுவிசேஷங்களிலும் கலாத்தியர் 1:19இலும் ஹக்கோபோ. நிருபத்தின் தலைப்பிலும் அதன் முதல் வசனத்திலும் சாந்தியாகோ. கர்த்தருடைய சகோதரரே நிருபத்தை எழுதியவர் என்று சபை மரபு கூறினாலும், அவ்விருவரும் ஒருவரே என்பதை வாசகர் பிறர் சொல்லியே அறிய வேண்டும்.

நம் தமிழ்த் திருமறையில் முற்பிதாவும், செபெதேயுவின் குமாரரும், அல்பேயுவின் குமாரரும், கர்த்தருடைய சகோதரரும் ஒருங்கே யாக்கோபு என்றே வழங்கப்படுகின்றனர். இதனால் தேர்வுத்தாள்களில் விளையும் குழப்பத்தை நாம் அறிவோம்; எனினும் இழப்பைவிட ஆதாயமே பெரிது. ஐபீரிய வடிவமும் நமக்குப் புதிதன்று. போர்த்துக்கீசியர் வாயிலாக அது சந்தியாகு எனவும் சந்தியாகப்பர் எனவும் தமிழுக்கு வந்து சேர்ந்தது. யாழ்ப்பாணத்தை அடுத்த கிளாலியிலும், தங்கச்சிமடத்து வேர்க்காட்டிலும் அவர் பெயரால் ஆலயங்கள் உள்ளன. பதினேழாம் நூற்றாண்டில் ஈழத்தில் எழுந்த 'சந்தியோகுமையோர் அம்மானை' என்னும் நூற்பெயரில் உள்ள 'மையோர்', 'பெரியவர்' என்று பொருள்படும் அடைமொழியின் தமிழொலியே. அர்ச்சியசிஷ்ட சந்தியாகப்பர் என்று கத்தோலிக்க உடன்பிறப்புகள் சொல்லும்போது, தூயவர் என்னும் பட்டம் அப்போஸ்தலருக்கு இருமுறை கிடைத்துவிடுகிறது.

இனி, இப்பெயருக்கு உரியவராகிய செபெதேயுவின் குமாரர் எத்தகையவர்? அவருக்கும் அவர் தம்பி யோவானுக்கும் ஆண்டவர் இட்ட பெயர் பொவனெர்கேஸ், இடிமுழக்க மக்கள் (மாற்கு 3:17). தம்மை ஏற்காத சமாரியக் கிராமத்தின்மேல் வானத்திலிருந்து அக்கினி இறங்கக் கட்டளையிடலாமா என்று கேட்டவர்களும் இவ்விருவரே. ஆண்டவர் திரும்பிப் பார்த்து அதட்டினார் (லூக்கா 9:54, 55). வலப்புறமும் இடப்புறமும் ஆசனம் வேண்டியபோது அவர்களுக்குக் கிடைத்தது பாத்திரத்தைப் பற்றிய வினா (மாற்கு 10:35-40). அப்பாத்திரத்தை யாக்கோபு அருந்திய செய்தியை ஒரே வசனத்தில் முடிக்கிறார் லூக்கா: ஏரோது அகிரிப்பா அவரைப் பட்டயத்தினால் கொன்றான் (அப். 12:2). இது கி.பி. 44ஐ ஒட்டி நிகழ்ந்தது. பன்னிருவருள் மரணம் புதிய ஏற்பாட்டில் பதிவாகிய இரத்தசாட்சி இவர் ஒருவரே.

இவருக்கும் ஸ்பெயினுக்கும் உள்ள தொடர்பு மிகப் பிற்காலத்தது. பிறர் அஸ்திவாரமிட்ட இடத்தில் கட்ட விரும்பாத பவுல் ஸ்பெயினுக்குச் செல்லத் திட்டமிட்டார் (ரோமர் 15:20-24). எனவே அங்கு வேறோர் அப்போஸ்தலர் முன்னரே சென்றிருந்ததாக அவர் அறிந்திருக்க இயலாது. யாக்கோபு ஸ்பெயினில் நற்செய்தி அறிவித்தார் என்னும் கூற்று ஏழாம் நூற்றாண்டளவில்தான் தலைகாட்டுகிறது. ஒன்பதாம் நூற்றாண்டின் முற்பகுதியில், இரண்டாம் அல்போன்சோ மன்னன் காலத்தில், ஈரியா நகரின் பேராயர் தெயோதெமீர் ஒரு பழங்கல்லறையைக் கண்டு அதனை அப்போஸ்தலருடையதென அறிவித்தார். தெயோதெமீர் கற்பனை மாந்தர் அல்லர் என்பதற்கு, 847ஆம் ஆண்டைக் குறிக்கும் அவரது கல்லறைக்கல் 1955இல் அகழ்ந்தெடுக்கப்பட்டது. கல்லறைக்குள் இருந்தது யார் என்பதற்கு அக்கல் சான்றாகாது. அங்கே கிடப்பது யாக்கோபா அல்லது செத்த நாயோ குதிரையோ என்று எவரும் அறியார் என லுத்தர் தமக்கே உரிய முறையில் ஏளனம் செய்தார். ஆயினும் அக்கல்லறையை நோக்கி நூற்றாண்டுகளாக மக்கள் நடந்தார்கள். அவர்களைப் பார்த்துச் சிற்பிகள் அப்போஸ்தலருக்கும் அகன்ற தொப்பியும் தடியும் சிப்பியும் தந்து, அவரையும் ஒரு வழிப்போக்கராக்கினர். தன்னைத் தேடி வருவோரின் தோற்றத்தைத் தானே ஏற்ற தூயவரின் அவ்வுருவம் என் கண்ணுக்கு இம்மரபின் அழகிய பகுதி.

மற்றோர் உருவம் வெண்குதிரைமேல் வருவது. 844இல் கிளாவிஹோ என்னுமிடத்தில் அவர் போர்க்களத்தில் தோன்றி முகமதியரை வெட்டி வீழ்த்தினார் என்பது கதை. அப்போர் நிகழ்ந்ததாக வரலாற்றாசிரியர்கள் ஏற்பதில்லை. கதைக்கு ஆதாரமாகக் காட்டப்பெற்ற அரச சாசனம் 12ஆம் நூற்றாண்டில் புனையப்பட்டது. புனைந்ததில் பயன் இருந்தது: வெற்றிக்கு நன்றியாக உழவர் ஆண்டுதோறும் தானியமும் திராட்சரசமும் சாந்தியாகோ ஆலயத்திற்குச் செலுத்த வேண்டும் என்று அது விதித்தது. காதிஸ் நகரில் கூடிய நாடாளுமன்றம் 1812இல் அவ்வரியை நீக்கத் தீர்மானிக்கும்வரை பொய்ச் சாசனத்தின் சுமை குடியானவன் தோளில் இருந்தது. 'சாந்தியாகோ!' என்பது படைகளின் போர்முழக்கமாயிற்று. சமாரியக் கிராமத்தருகே அதட்டி அடக்கப்பட்டவர் மீண்டும் அக்கினி கேட்கும்படி செய்யப்பட்டார்.

1170இல் தோன்றிய சாந்தியாகோ வீரர் அணியின் வரலாறு இன்னும் கசப்பானது. செங்குருதி நிறத்தில் வாள்வடிவச் சிலுவை அதன் சின்னம். பிற்காலத்தில் அதில் சேர விரும்புவோர், தம் முன்னோரில் யூதரோ முகமதியரோ இல்லை என மெய்ப்பிக்க வேண்டியிருந்தது. ஓவியர் தியேகோ வெலாஸ்கெஸ் அவ்வணியில் இடம் கோரியபோது, அவருடைய குருதியின் தூய்மைக்காக எத்தனையோ பேர் சாட்சி சொல்ல நேர்ந்தது. யாக்கோபின் பெயரால் அமைந்த அணியில் யாக்கோபின் வழித்தோன்றலுக்கு இடமில்லை! 1492 மார்ச் 31 அன்று யூதரை நாட்டைவிட்டு வெளியேற்றும் ஆணை பிறந்ததும், சாந்தியாகோவைக் காவலராகக் கொண்டாடிய அரசர்களின் கையொப்பத்தோடேயே. ஒட்டிய அடைமொழி எவ்வளவு பெரிய மறைப்பு என்பதை இவ்விடத்தில் உணரலாம். 'யாக்கோபு!' என்று கூவியிருந்தால் அக்குரல் சற்றேனும் தயங்கியிருக்குமோ என்று கேட்கத் தோன்றுகிறது.

17ஆம் நூற்றாண்டில், ஆவிலா நகரத் தெரேசாவையும் நாட்டின் காவல் தூயராக ஏற்க வேண்டும் என்ற இயக்கம் எழுந்தது. 1627இல் போப் எட்டாம் உர்பான் இசைவளித்தார். அவ்வணியின் வீரராகிய கவிஞர் கெவேதோ சீறியெழுந்தார். 1628இல் அவர் எழுதிய நூல்களுள் ஒன்றன் தலைப்பிலேயே சாந்தியாகோவுக்காக வாள் உருவப்பட்டிருக்கிறது. 1630இல் சாந்தியாகோவே தனிக் காவலராக நிலைநிறுத்தப்பட்டார். தெரேசாவின் பாட்டனார் யூத மரபிலிருந்து கிறித்தவரானவர் என்பதை 20ஆம் நூற்றாண்டில் ஆவணங்கள் வெளிப்படுத்தின. இரத்த உறவால் யாக்கோபின் மகளாகிய ஒருத்தியையே யாக்கோபின் பெயரால் ஒதுக்கினர் எனலாம்.

இப்பெயர் கடல் கடந்தபோது நேர்ந்தது எதிர்பாராதது. 1536இல் மாங்கோ இங்கா கூஸ்கோ நகரை முற்றுகையிட்டபோது, சாந்தியாகோ வானிலிருந்து இறங்கி ஸ்பானியருக்குத் துணைநின்றதாகக் கதை எழுந்தது. முகமதியர் கிடந்த இடத்தில் இப்போது குதிரையின் குளம்படியில் இந்தியர் கிடக்கும் படங்கள் தோன்றின. அத்தகையதொரு படத்தை ஆண்டிய மலைமகனாகிய குவாமன் போமாவே 1615ஐ ஒட்டி முடித்த தம் பெருநூலில் வரைந்திருக்கிறார். அவர் தரும் குறிப்பு முக்கியமானது: தூயவர் பேரிடியோடு மின்னலாக விழுந்தமையால், அன்றுமுதல் இந்தியர் மின்னலைச் சாந்தியாகோ என்று அழைக்கின்றனர் என்கிறார். மின்னலும் இடியும் ஆண்டிய மக்களிடையே 'இயாப்பா' என்னும் பெருந்தெய்வம். தோற்ற மக்கள் வென்றவரின் காவலருக்குள் தம் பழந்தெய்வத்தைக் குடியேற்றிவிட்டனர்.

இது சபையாரின் கண்ணில் படாமல் போகவில்லை. இயேசு சபைக் குரு பப்லோ ஹோசே தெ அரியாகா 1621இல் லீமா நகரில் வெளியிட்ட நூல், பெரு நாட்டில் விக்கிரக வழிபாட்டை வேரறுக்கும் முறைகளைக் கூறுவது. இரட்டைக் குழந்தைகள் பிறந்தால் அவர்களுள் ஒன்றை மின்னலின் மகன் என்று கருதி, அதற்குச் சாந்தியாகோ என்று பெயரிடுகின்றனர் என அவர் எழுதுகிறார். இது பொவனெர்கேஸ் என்னும் பெயரால் வந்ததாகத் தாம் கருதவில்லை என்றும், ஸ்பானியர் துப்பாக்கி சுடும்போது 'சாந்தியாகோ' என்று கூவுவதைக் கேட்டதால் வந்திருக்கலாம் என்றும் அவரே ஐயுறுகிறார். நூலின் இறுதியிலுள்ள விதிகளில், எந்த இந்தியரும் தம் பிள்ளைக்குச் சாந்தியாகோ என்று பெயரிடலாகாது, தியேகோ என்றே இட வேண்டும் என்று கட்டளை காணப்படுகிறது. ஓர் அப்போஸ்தலரின் பெயரைத் திருமுழுக்கில் இடக்கூடாதென்று குருக்களே தடுக்க நேர்ந்த விந்தை இது! தடுத்தவர்களை முற்றும் குறைகூறவும் இயலவில்லை. பெற்றோர் அப்பெயரால் வேறொருவரையே அழைத்தனர் என்று அவர்கள் சரியாகவே கண்டனர். ஆனால் துப்பாக்கியோசையோடு அப்பெயரை முதன்முதல் அம்மலைகளில் ஒலித்தவர் யார் என்ற வினாவை விதியாக்க அவர்கள் முன்வரவில்லை. அரியாகாவின் ஐயமே அதனை அண்டிவந்து நின்றுவிடுகிறது.

தாய்நாட்டிலும் குதிரைவீரர் இன்று சங்கடமான விருந்தினராகிவிட்டார். 2004இல் மாட்ரிட் குண்டுவெடிப்புகளுக்குப் பிறகு, சாந்தியாகோ பேராலயத்திலுள்ள அவ்வுருவச் சிலையை அகற்றிக் காட்சியகத்தில் வைக்கப்போவதாக ஆலயத்தார் அறிவித்தனர். எதிர்ப்பு எழவே கைவிட்டனர். வெட்டுண்ட முகமதியரின் உருவங்கள் மட்டும் மலர்களால் மறைக்கப்பட்டன.

பெருவில் தடைவிதி நெடுநாள் நிற்கவில்லை. மந்தாரோ பள்ளத்தாக்கில் ஜூலை 25 அன்று 'தாய்த்தா சாந்தி', அதாவது சாந்தி அப்பன், திருநாள் இன்றும் கொண்டாடப்படுகிறது. அங்கு அவர் ஆடுமாடுகளின் காவலர். குடும்பங்கள் மலையடிவாரத்தில் கூடிப் பாடி, தத்தம் கால்நடைகளுக்கு அடையாளமிட்டு, காதுகளில் வண்ண நாடாக்களைக் கோத்துவிடுகின்றனர். லாபானின் மந்தையில் புள்ளியும் வரியுமுள்ள ஆடுகளைப் பிரித்தெடுத்த பழைய மேய்ப்பர் யாக்கோபை (ஆதி. 30) அம்மக்களுள் எவரும் எண்ணி இவ்வாறு செய்தனர் என்பதற்கில்லை.