திமிங்கலத்தின் குரலைத் திரையில் பார்க்கலாம்

புதிதாகக் கம்ப்யூட்டர் வாங்கிய நண்பர் ஒருவர் என்னிடம் கேட்டார். “பாட்டு கேட்டாச்சு, படம் பார்த்தாச்சு, மெயில் அனுப்பியாச்சு. வேறென்ன சார் இதில் செய்யலாம்?” அழிந்துகொண்டிருக்கும் ஒரு திமிங்கலத்தின் குரலைப் பார்க்கலாம் என்றேன். “கேட்கலாம் என்று சொல்லுங்கள்” என்று திருத்தினார். இல்லை, பார்க்கத்தான் போகிறோம்.

அமெரிக்கா, கனடா நாடுகளின் கிழக்குக் கரையை ஒட்டிய குளிர்ந்த கடலில் வாழ்கிறது வட அட்லாண்டிக் ரைட் திமிங்கலம். சுமார் 15 மீட்டர் நீளம். மெதுவாக நீந்தும், செத்தால் மிதக்கும். அதனால் வேட்டைக்குச் ‘சரியான’ திமிங்கலம் என்று அந்தக் காலத்து வேட்டைக்காரர்கள் இந்தப் பெயரை வைத்தார்கள். இதை வேட்டையாட 1935-ல் சர்வதேசத் தடை வந்தது. ஆனாலும் 2024-ம் ஆண்டுக் கணக்கின்படி உலகில் மிச்சம் இருப்பவை சுமார் 380 மட்டுமே. இப்போது இவற்றைக் கொல்பவை கப்பல்களும் மீன்பிடிக் கயிறுகளும்தான்.

கப்பல் எங்கே போகிறது என்று நமக்குத் தெரியும். திமிங்கலம் எங்கே இருக்கிறது என்று தெரிந்தால் கப்பலை மெதுவாகப் போகச் சொல்லலாம். கடல் பெரிது, பனிமூட்டத்திலும் இரவிலும் கண்ணால் தேட முடியாது. ஆனால் திமிங்கலம் குரல் கொடுக்கும். அங்கேதான் கம்ப்யூட்டர் வருகிறது.

முதலில் நீங்களே அந்தக் குரலைப் பிடியுங்கள். அடாசிட்டி என்ற இலவச சாப்ட்வேரை இறக்கி இன்ஸ்டால் செய்துகொள்ளுங்கள். அமெரிக்க அரசின் கடல், வளிமண்டல ஆய்வு அமைப்பான நோவா தன் இணையதளத்தில் ரைட் திமிங்கலத்தின் குரலை வைத்திருக்கிறது. அந்த பைலை டவுன்லோட் செய்து அடாசிட்டியில் திறந்து பிளே பட்டனை அழுத்துங்கள்.

ஒன்றும் கேட்கவில்லையா? எனக்கும் கேட்கவில்லை. பைல் கெட்டுவிட்டது என்று நினைத்து இரண்டாம் முறை டவுன்லோட் செய்தேன். பிறகு சவுண்ட் டிரைவரை எடுத்துவிட்டு மீண்டும் போட்டேன். ஒரு மணி நேரம் வீண். குறை என் மேஜை மேலிருந்த சின்ன ஸ்பீக்கரில் இருந்தது. இந்தத் திமிங்கலம் அடிக்கடி எழுப்பும் குரல் சுமார் 50 ஹெர்ட்ஸில் தொடங்கி ஏறக்குறைய 200 ஹெர்ட்ஸ் வரை ஒரே நொடியில் மேலே ஏறும். இவ்வளவு தாழ்ந்த ஒலி சின்ன ஸ்பீக்கரில் சரியாக வராது. ஹெட்போன் மாட்டினேன். “ஊ...ப்” என்று கிணற்றுக்குள்ளிருந்து யாரோ கேள்வி கேட்பது போல இருந்தது.

இப்போது பார்ப்போம். திரையில் அலை அலையாகத் தெரியும் ட்ராக்கின் இடது பக்கத்தில் ஒரு மெனு இருக்கும். அதைக் கிளிக் செய்து ‘ஸ்பெக்ட்ரோகிராம்’ என்பதைத் தேர்ந்தெடுங்கள். அலைகள் மறைந்து வண்ணப் படம் வரும். இடமிருந்து வலம் நேரம். கீழிருந்து மேல் ஒலியின் உயரம். எல்லாம் அடியில் ஒட்டிக்கொண்டு தெரிந்தால் செட்டிங்ஸில் அதிகபட்ச அளவை 500 ஹெர்ட்ஸ் என்று மாற்றுங்கள். கீழிருந்து மேலே வளைந்து ஏறும் ஒரு கோடு தெரிகிறதா? அதுதான் திமிங்கலம்.

கடலில் மிதக்கும் கருவிகளும் இந்தக் கோட்டைத்தான் தேடுகின்றன. அமெரிக்காவின் வுட்ஸ் ஹோல் கடலியல் ஆய்வு நிறுவனம் இவற்றை இயக்குகிறது. சில நங்கூரமிட்ட மிதவைகள். சில தாமாகவே நீருக்குள் இறங்கி ஏறும் கிளைடர்கள்.

கம்ப்யூட்டருக்கு ஒலி என்பது எண்களின் வரிசைதான். சிடி பாட்டில் ஒரு நொடிக்கு 44,100 எண்கள். திமிங்கலக் குரல் தாழ்ந்தது என்பதால் நொடிக்கு 2,000 எண்கள் தாராளமாகப் போதும். அப்படியும் ஒரு நாள் ஒலி சுமார் 345 எம்பி ஆகிறது. நடுக்கடலிலிருந்து சாட்டிலைட் வழியாக இதை அனுப்பக் கட்டுப்படியாகாது. ஆகவே கருவியில் உள்ள புரோகிராம், ஒலியை அனுப்பாமல், நீங்கள் பார்த்தீர்களே, அந்தக் கோட்டின் வடிவத்தை மட்டும் அனுப்புகிறது. பாட்டை அனுப்பாமல் அதன் ஸ்வரத்தை மட்டும் எழுதி அனுப்புவது போல. எனக்கு மிகவும் பிடித்த பகுதி இதுதான்.

கரையில் ஒரு மனிதர் அந்தக் கோடுகளைப் பார்த்து முடிவு சொல்கிறார். அவர் எதற்கு என்று கேட்கலாம். கூனல் முதுகுத் திமிங்கலமும் சில சமயம் இதே போலக் குரல் கொடுக்கும், புரோகிராம் ஏமாந்துவிடும். ரைட் திமிங்கலம்தான் என்று உறுதியானால், அந்தப் பகுதியில் 10 நாட்டுகளுக்கு மேல் போக வேண்டாம் என்று கப்பல்களுக்கு அறிவிப்பு போகும். 10 நாட்டு என்றால் மணிக்கு 18.5 கிலோமீட்டர். நம் ஊர் மொபெட் கூட இதைவிட வேகமாகப் போகும்!

அசட்டையாக இருந்தால் என்ன ஆகும் என்பதற்கு 2017 சாட்சி. மெய்ன் வளைகுடா நீர் சூடானதில் இவற்றின் உணவான மிகச் சிறிய மிதவை உயிரிகள் குறைந்தன. இரை தேடித் திமிங்கலங்கள் வடக்கே கனடாவின் செயின்ட் லாரன்ஸ் வளைகுடாவுக்குப் போயின. அவை அங்கே வரும் என்று யாரும் எதிர்பார்க்கவில்லை. கப்பல்களுக்கும் வலைகளுக்கும் கட்டுப்பாடு இல்லை. அந்த ஓராண்டில் மட்டும் இரு நாடுகளிலும் சேர்த்து 17 செத்துக் கிடந்தன. அந்த ஆண்டில்தான் கனடாவில் வேகக் கட்டுப்பாடு வந்தது.

புகைப்படத்திலும் கம்ப்யூட்டர் உதவுகிறது. ஒவ்வொரு திமிங்கலத்தின் தலையிலும் உள்ள சொரசொரப்பான வெள்ளைத் திட்டுகளின் அமைப்பு வேறு வேறு. அதை வைத்து ஒவ்வொன்றையும் அடையாளம் சொல்லும் புரோகிராம் எழுத 2015-ல் இணையத்தில் போட்டியே நடந்தது. வென்ற புரோகிராம் நூற்றுக்கு 87 சரியாகச் சொன்னது. கயிறு விஷயத்தில்தான் வேலை மெதுவாக நடக்கிறது. நண்டு, சிங்கி இறால் பிடிக்கும் கூண்டை மிதவையோடு இணைக்கும் கயிறு திமிங்கலத்தைச் சுற்றிக்கொள்கிறது. படகிலிருந்து ஒலி சிக்னல் கொடுத்தால் மட்டும் மிதவை மேலே வரும் கருவிகள் உண்டு. விலை அதிகம் என்று மீனவர்கள் தயங்குகிறார்கள். அவர்களைக் குறை சொல்ல எனக்கு மனம் வரவில்லை.

ஒன்றை மறக்கக் கூடாது. குரல் கேட்கவில்லை என்றால் திமிங்கலம் இல்லை என்று அர்த்தம் அல்ல. குட்டியோடு இருக்கும் தாய் பெரும்பாலும் வாய் திறப்பதில்லை. குட்டியிடம் மிக மெல்ல முனகுவதோடு சரி. காப்பாற்றப்பட வேண்டிய ஜோடி அதுதான், கண்டுபிடிக்கக் கடினமானதும் அதுதான்.

வுட்ஸ் ஹோல் நிறுவனத்தின் ‘ரோபோட்ஸ் ஃபார் வேல்ஸ்’ தளத்தில் இந்தக் கருவிகளின் முடிவுகளைக் கட்டணம் இல்லாமல் பார்க்கலாம். ஒவ்வொரு நாளுக்கும் ஒரு நிறம். சிவப்பு என்றால் திமிங்கலம் உறுதி. மஞ்சள் என்றால் சந்தேகம். சாம்பல் என்றால் குரல் இல்லை. மஞ்சள் நாள் ஒன்றைத் திறந்து அதில் உள்ள கோடுகளைப் பாருங்கள். அடாசிட்டியில் பார்த்த வளைவு உங்களுக்கும் தென்படலாம்.