கணக்கில் வராத ஆட்டம்

1950ஆம் ஆண்டு அக்டோபர் 31ஆம் நாள் இரவு, அமெரிக்காவின் ராச்செஸ்டர் நகரில் ஒரு கூடைப்பந்தாட்டம் நடைபெற்றது. உள்ளூர் அணியான ராயல்ஸும், தலைநகர் வாஷிங்டனிலிருந்து வந்த கேப்பிட்டல்ஸ் அணியும் மோதின. ராயல்ஸ் அணி 78–70 என்னும் கணக்கில் வென்றது. தோற்ற அணியில் ஆடிய 22 வயது இளைஞர் ஒருவர் ஆறு புள்ளிகள் எடுத்தார். கூடையில் விழாமல் மீண்ட பந்தைப் பத்துமுறை கைப்பற்றினார். அவர் பெயர் ஏர்ல் லாயிட். என்.பி.ஏ. எனப்படும் தேசியக் கூடைப்பந்துச் சங்கத்தின் ஆட்டமொன்றில் களமிறங்கிய முதல் கறுப்பின வீரர் அவரே. ஆயினும் அன்று அரங்கில் சிறப்பு வரவேற்பும் இல்லை. எதிர்ப்புக் குரலும் இல்லை.

இந்த முதன்மை அவருக்குக் கிடைத்ததற்குக் காரணம் ஆட்ட அட்டவணையே. அவ்வாண்டில் கறுப்பின வீரர்கள் சிலர் சங்கத்தின் அணிகளில் இடம்பெற்றனர். அணிகள் கல்லூரி வீரர்களைத் தெரிவுசெய்யும் ஆண்டுத் தேர்வில், இரண்டாம் சுற்றிலேயே பாஸ்டன் செல்ட்டிக்ஸ் அணியால் அழைக்கப்பட்டவர் சக் கூப்பர். நியூயார்க் நிக்ஸ் அணி நாட் கிளிஃப்டனை ஒப்பந்தம் செய்தது. லாயிட்டோ ஒன்பதாம் சுற்றில், நூறாவது பெயராகத் தேர்வானவர். வாஷிங்டன் அணியின் முதல் ஆட்டம் ஒரு நாள் முன்னதாக வந்தது. மறுநாள் கூப்பர் ஆடினார். அடுத்த சில நாள்களில் கிளிஃப்டனும் ஆடினார். வரலாறு லாயிட்டுக்குத் தந்த பட்டம் ஒருநாள் இடைவெளியில் வந்தது. அவருடைய உண்மையான பெருமையை அறிய, அந்த ஒருநாளைக் கடந்து பின்வந்த ஆண்டுகளைக் காண வேண்டும்.

லாயிட் 1928 ஏப்ரல் 3ஆம் நாள், வர்ஜீனியா மாநிலத்தின் அலெக்சாண்ட்ரியா நகரில் பிறந்தார். தந்தை நிலக்கரிக் கிடங்கில் உழைத்தவர். கறுப்பினக் குழந்தைகளும் வெள்ளையினக் குழந்தைகளும் ஒரே பள்ளியில் பயில அக்காலச் சட்டம் இடம்தரவில்லை. கறுப்பின மாணவர்களுக்கென இயங்கிய பார்க்கர்–கிரே பள்ளியில் பயின்ற லாயிட், கறுப்பினத்தவருக்காக நிறுவப்பட்ட மேற்கு வர்ஜீனியா மாநிலக் கல்லூரியில் சேர்ந்தார். ஏறத்தாழ ஆறரை அடி உயரமுள்ள அவருக்கு அங்கு வழங்கிய செல்லப்பெயர் ‘நிலவைச் சீர்செய்பவர்’ என்பதாகும். 1947–48ஆம் பருவத்தில் அக்கல்லூரி அணி ஓர் ஆட்டத்திலும் தோற்கவில்லை. அவ்வாண்டு நாடு முழுவதிலும் தோல்வியே காணாத கல்லூரி அணி அது ஒன்றுதான். எனினும் அவ்வணியின் பெயர் பெருநகர இதழ்களில் பேசப்படவில்லை.

கறுப்பின வீரர்களுக்குத் திறமை போதவில்லை என்று அக்காலத்தில் எவரும் நேர்மையாகச் சொல்லியிருக்க முடியாது. கறுப்பின வீரர்களைக் கொண்ட நியூயார்க் ரெனைசான்ஸ் அணி 1939இல் சிகாகோவில் நடந்த உலகத் தொழில்முறைப் போட்டியில் வாகை சூடியது. ஹார்லெம் குளோப்டிராட்டர்ஸ் அணி 1948இல், ஜார்ஜ் மைக்கன் என்னும் பெருவீரரைக் கொண்ட மினியாபொலிஸ் லேக்கர்ஸ் அணியை 61–59 எனத் தோற்கடித்தது. கதவு அடைபட்டிருந்ததற்கு நிறவெறி முதற்காரணம். வணிகக் கணக்கு மற்றொரு காரணம். புதிதாகத் தோன்றிய தொழில்முறைச் சங்கத்தின் ஆட்டங்களுக்குக் கூட்டம் சேரவில்லை. அதே அரங்கில் அதே இரவில் குளோப்டிராட்டர்ஸ் ஆடினால் இருக்கைகள் நிரம்பின. சிறந்த கறுப்பின வீரர்களைத் தம் அணியில் சேர்த்தால் அதன் உரிமையாளர் ஏப் சேப்பர்ஸ்டீன் சினங்கொள்வார், வருவாய் குறையும் என்று மற்ற உரிமையாளர்கள் அஞ்சினர். ஒரு மக்கள் கூட்டத்தின் உரிமை நுழைவுச்சீட்டு விற்பனையோடு சேர்த்து எடைபோடப்பட்டது.

அக்கதவு 1950இல் திறந்தது. ஆயினும் ஆடுகளத்திற்கு வெளியே உலகம் பழையபடியே இருந்தது. ஃபோர்ட் வெயின் நகர விடுதியொன்றில் லாயிட் தங்கலாம். ஆனால் உணவுக்கூடத்தில் அமர்ந்து உண்ணலாகாது. அவர் அறையில் தனித்து உண்டபோது, அணியின் பயிற்சியாளர் போன்ஸ் மெக்கினி தம் உணவையும் அங்கேயே கொண்டுவந்து உடன் அமர்ந்தார். மெக்கினி நிறப்பாகுபாடு வேரூன்றியிருந்த வட கரோலினாவில் பிறந்தவர் என்பது இங்கு நினைக்கத்தக்கது. பார்வையாளர் சிலர் லாயிட்டின்மீது உமிழ்ந்தனர். அவர் அவற்றுக்குக் கையால் விடை தரவில்லை, களத்தில் ஆடினார்.

இவ்வளவு இருந்தும், தம்மைப் பேஸ்பால் வீரர் ஜாக்கி ராபின்சனோடு ஒப்பிடுவதை லாயிட் ஏற்கவில்லை. 1947இல் தனியொருவராகப் பேஸ்பால் களத்துள் நுழைந்த ராபின்சன் சொந்த அணியினரின் பகையையும் தாங்க நேர்ந்தது. தமக்கோ அணித் தோழர்கள் துணை நின்றனர் என்பது அவர் கருத்து. இதனை வெறும் அடக்கம் எனக் கொள்ள வேண்டியதில்லை. தாம் பட்டதைக் கூட்டியும் குறைத்தும் சொல்லாத நேர்மை அது.

கேப்பிட்டல்ஸ் அணியில் அவர் ஏழு ஆட்டங்களே ஆடினார். இராணுவம் அவரை அழைத்துக்கொண்டது. 1951 ஜனவரியில், பருவம் முடியுமுன்பே, பணமின்றி அவ்வணியும் கலைந்தது. 1952இல் படையிலிருந்து திரும்பியவரைச் சிராக்கியூஸ் நேஷனல்ஸ் அணி ஏற்றது. அவருடைய ஆட்டத்தின் தன்மை வெளிப்பட்டது அங்கேதான்.

கூடைப்பந்தாட்டத்தில் புள்ளி எடுப்பவரைக் கூட்டம் நினைவில் கொள்ளும். ஆனால் ஒருவர் தடையின்றிப் பந்தை எறிய வேண்டுமெனில், மற்றொருவர் எதிராளியின் வழியில் மதில்போல் நின்று மறிக்க வேண்டும். எதிரணியின் தலைசிறந்த வீரரை ஆட்டம் முழுவதும் நிழல்போல் தொடர வேண்டும். மீளும் பந்துக்காக முழங்கைகளுக்கு நடுவே எம்ப வேண்டும். இப்பணிகளுள் பெரும்பாலானவை ஆட்டத்தின் பதிவேட்டில் ஏறுவதில்லை. சிராக்கியூஸ் அணியில் டால்ஃப் ஷேய்ஸ் புள்ளிகளைக் குவித்தார். லாயிட் இப்பணிகளை ஏற்றார். அதற்கு விலையும் உண்டு. 1953–54ஆம் பருவத்தில், எதிராளியை விதிமீறித் தடுத்த குற்றங்கள் சங்கத்திலேயே மிகுதியாகப் பதிவானது அவர் பெயரில்தான். அக்குற்றங்களின் எண்ணிக்கை வரம்பைக் கடந்து களத்தைவிட்டு மிகுதியும் வெளியேற்றப்பட்டவரும் அவரே. வலிமை மிக்க எதிராளிகளைத் தடுக்கும் பொறுப்பு எவரிடம் இருந்தது என்பதை இந்த எண்ணிக்கை ஓரளவு காட்டுகிறது.

அடுத்த பருவத்தில் ஆட்டமே மாறியது. அதுவரை முன்னிலை பெற்ற அணி பந்தை எறியாமல் தன்னிடமே வைத்துக்கொண்டு நேரத்தைக் கடத்தலாம். 1950 நவம்பரில் ஓர் ஆட்டம் 19–18 என முடிந்து, பார்வையாளரைச் சலிப்படையச் செய்திருந்தது. சிராக்கியூஸ் அணியின் உரிமையாளர் டேனி பயசோன் இதற்கு ஓர் எளிய கணக்குப் போட்டார். விறுவிறுப்பான ஆட்டத்தில் இரு அணிகளும் சேர்ந்து ஏறத்தாழ 120 முறை கூடையை நோக்கி எறிகின்றன, ஆட்டநேரம் 48 நிமிடம், அதாவது 2880 நொடி, வகுத்தால் 24. பந்து கிடைத்த 24 நொடிக்குள் எறிந்தாக வேண்டும் என்னும் விதி 1954இல் நடைமுறைக்கு வந்தது. ஓட்டமும் தடுப்பும் ஒருங்கே வல்லவர்களுக்கு அவ்விதி துணைசெய்தது. அப்பருவத்தில் லாயிட் ஆட்டமொன்றுக்குச் சராசரியாக 10.2 புள்ளிகள் எடுத்தார்.

1955 ஏப்ரல் 10ஆம் நாள், இறுதித் தொடரின் ஏழாவது ஆட்டம். எதிரணி ஃபோர்ட் வெயின் பிஸ்டன்ஸ். உணவுக்கூடத்தில் லாயிட்டுக்கு இடம் மறுத்த அதே நகரின் அணி. தொடக்கத்தில் சிராக்கியூஸ் 17 புள்ளிகள் பின்தங்கியது. பின்னர் மெல்ல எழுந்தது. ஆட்டம் முடிய 12 நொடிகள் இருக்கையில் ஜார்ஜ் கிங் ஒரு புள்ளி எடுத்து அணியை முன்னிறுத்தினார். உடனே எதிராளியின் கையிலிருந்த பந்தையும் பறித்தார். 92–91. சங்கத்தின் வாகையர் பட்டம் வென்ற அணியில் இடம்பெற்ற முதல் கறுப்பின வீரர்கள் என்னும் சிறப்பை லாயிட்டும் அவர்தம் தோழர் ஜிம் டக்கரும் பெற்றனர்.

பிஸ்டன்ஸ் அணி 1957இல் டெட்ராய்ட் நகருக்கு இடம்பெயர்ந்தது. மறு ஆண்டு லாயிட் அவ்வணிக்கே மாற்றப்பட்டார். 1960இல் ஓய்வுபெற்றபோது ஒன்பது பருவங்களில் 560 ஆட்டங்களை அவர் நிறைவுசெய்திருந்தார். பின்னர் அவ்வணிக்குப் புதிய வீரர்களைக் கண்டறிந்து கூறினார். 1968இல் துணைப் பயிற்சியாளரானார். 1971இல் தலைமைப் பயிற்சியாளரானார். அப்பணியில் அவர் வெற்றிபெறவில்லை. 22 வெற்றி, 55 தோல்வி என்னும் நிலையில் 1972இல் பதவி இழந்தார். அவ்விடத்திற்கு வந்த ரே ஸ்காட்டும் கறுப்பினத்தவர். லாயிட்டின் துணைவராகப் பணியாற்றியவர். அவர் 1974இல் ஆண்டின் சிறந்த பயிற்சியாளர் விருதைப் பெற்றார். களத்தைவிட்டு விலகிய லாயிட், டெட்ராய்ட் பொதுப்பள்ளிகளின் மாணவர்களுக்கு வேலைவாய்ப்புத் தேடித்தரும் பணியில் ஆண்டுகள் பலவற்றைச் செலவிட்டார்.

2003இல் கூடைப்பந்துப் புகழரங்கம் அவரை ஏற்றது. 2007இல் அவர் பிறந்த அலெக்சாண்ட்ரியாவில், டி.சி. வில்லியம்ஸ் உயர்நிலைப் பள்ளியின் புதிய ஆடுகளத்திற்கு ஏர்ல் லாயிட்டின் பெயர் சூட்டப்பட்டது. அப்பள்ளிக்குப் பெயர் தந்த வில்லியம்ஸ், அந்நகரின் கல்விக் கண்காணிப்பாளராக இருந்தபோது இரு இன மாணவரும் ஒரே பள்ளியில் பயில்வதைக் கடுமையாக எதிர்த்தவர். 2015 பிப்ரவரி 26ஆம் நாள் லாயிட் மறைந்தார். ஆறாண்டுகளுக்குப்பின் அப்பள்ளி வில்லியம்ஸின் பெயரைக் கைவிட்டது.